யாருடைய ரவிக்கை, யாருடைய சிரிப்பு?

போன மாசம் கோடம்பாக்கம் பவர் ஹவுஸ் பக்கத்தில் ஒரு மொட்டைமாடி. இருபது இருபத்தைந்து பேர் இருப்போம். கல்லூரி மாணவர்கள், உதவி இயக்குநர் வாய்ப்புக்கு அலையும் பையன்கள், இரண்டு மூன்று பெண் தோழர்கள். வெள்ளைத் துணி கட்டி ஒரு இத்தாலியப் படம் போட்டார்கள். டின்டோ பிராஸ் 1998இல் எடுத்த ‘மொனெல்லா’. 1950களில் நடக்கிற கதை. போ ஆற்றுச் சமவெளியில் ஒரு கிராமம். லோலா என்று ஒரு பெண் சைக்கிளில் ஊரைச் சுற்றி வருகிறாள், பாவாடை காற்றில் பறக்கிறது, ஊரே பார்க்கிறது. அவளுக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருக்கிறது. மாப்பிள்ளை ரொட்டி சுடுகிறவன். கல்யாணத்துக்கு முன்னாடியே அவனோடு படுத்துப் பார்க்கணும் என்கிறாள் அவள். மாட்டேன், தாலிக்கப்புறம்தான் என்கிற மாதிரி முறுக்கிக்கொள்கிறான் அவன். இவ்வளவுதான் கதை. ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் சிரிப்பும் உடம்புமாக ஓடுகிறது.

படம் முடிந்ததும் பேச்சு. ஒரு தோழர் எழுந்து சொன்னார்: “தமிழனுக்குக் காமத்தைச் சிரிச்சுக்கிட்டே பாக்கத் தெரியாதுங்க. ஒண்ணு கும்புடுவான், இல்ல ஒளிஞ்சிருந்து பாப்பான். நம்ம கிராமத்தை வச்சு இப்படி ஒரு படம் எடுக்க முடியுமா?”

நான் கேட்டேன்: “எந்தக் கிராமத்தைத் தோழர்? ஊரையா, சேரியையா?”

“எல்லாத்துலயும் சாதியக் கொண்டாந்து போடாதீங்க தோழர். இது உடம்பப் பத்தின படம்.”

உடம்பைப் பற்றின படமாம். இந்த நாட்டில் சாதி வேறு எங்கேய்யா இருக்கிறது, உடம்பில் இல்லாமல்? கடைசி பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. அன்றைக்குச் சொல்ல முடியாததை இங்கே எழுதுகிறேன்.

1

முதலில் ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். இந்தப் படத்தைப் பார்த்து நானும் சிரித்தேன். ஆபாசம், சீரழிவு, ஏகாதிபத்தியப் பண்பாடு என்று கையை உதறிக்கொண்டு எழுந்துபோகிற ஒழுக்கவாதி அல்ல நான். காமத்தைப் பார்த்துச் சிரிக்கிற சிரிப்பு ஒரு பெரிய ஆயுதம். இத்தாலிக்காரன் அதை நீண்ட நாளாகத் தீட்டி வைத்திருக்கிறான். பதினான்காம் நூற்றாண்டில் பொக்காச்சியோ எழுதிய ‘டெக்கமரான்’ கதைகளில் ஒரு தோட்டக்காரன் வருகிறான். ஊமை மாதிரி நடித்துக் கன்னியர் மடத்துக்குள் வேலைக்குச் சேருகிறான். அப்புறம் அங்கே நடப்பதெல்லாம் அந்த மடத்தின் புனிதத்தைச் சந்தி சிரிக்க வைக்கிறது. பசோலினி 1971இல் அதைப் படமாக எடுத்தார். 1953இல் கொமென்சினி எடுத்த ‘ரொட்டி, காதல், கற்பனை’ படத்தில் மலைக் கிராமத்துக்கு மாற்றலாகி வருகிறார் ஒரு போலீஸ் அதிகாரி. நடித்தவர் விட்டோரியோ டி சிகா. ‘பைசைக்கிள் தீவ்ஸ்’ எடுத்தவரேதான். அந்த அதிகாரி ஒரு ஏழைப் பெண்ணின் பின்னால் அலைந்து அசடு வழிகிறார். ஊர் அவரைப் பார்த்துச் சிரிக்கிறது. ஜினா லொல்லோபிரிஜிடா நடித்த அந்தப் பெண் கழுதையை ஓட்டிக்கொண்டு தன் பாட்டுக்குப் போகிறாள், தனக்குப் பிடித்தவனைத் தானே பார்த்துக்கொள்கிறாள்.

இந்த மரபில் சிரிப்பு எந்தத் திசையில் பாய்கிறது என்று கவனியுங்கள். கீழே இருந்து மேலே. பாதிரி, மடத்துத் தலைவி, போலீஸ்காரன், பணக்காரப் புருஷன் இவர்கள்தான் கேலிக்கு ஆளாகிறவர்கள். தோட்டக்காரனும் வேலைக்காரியும் கழுதை ஓட்டுகிற பெண்ணும் கேலி செய்கிறவர்கள். அதிகாரம் உடுத்தியிருக்கிற உடையைக் காமம் உருவிவிடுகிறது.

டின்டோ பிராஸை நான் தூக்கிப் பிடிக்கவில்லை. அவருடைய கேமரா பெண்ணின் பின்புறத்தைவிட்டு நகருவதில்லை. லோலாவின் விடுதலை என்று சொல்லி ஆம்பளைக் கண்ணுக்குத் தீனி போடுகிறது. பசோலினியே 1975இல், தான் எடுத்த ‘டெக்கமரான்’ உள்ளிட்ட மூன்று படங்களையும் கைவிடுகிறேன் என்று எழுதினார். உடம்பின் களங்கமற்ற மகிழ்ச்சியைக் காட்டி முதலாளித்துவத்தை எதிர்க்கலாம் என்று நினைத்தேன், நுகர்வுச் சந்தை அந்த உடம்பையும் வாங்கிவிட்டது என்பது அவர் சொன்னதன் சாரம். எடுத்தவனுக்கே இந்தச் சந்தேகம் வந்திருக்கிறது. மொட்டைமாடித் தோழருக்கு வரவில்லை.

2

தமிழில் இப்படி எடுக்க முடியுமா என்று கேட்டார் அல்லவா? எடுத்தாயிற்றே! 1983இல். அந்த மொட்டைமாடியிலிருந்து நடந்துபோகிற தூரத்தில் இருக்கிற ஏவி.எம். நிறுவனம் தயாரித்தது. பாக்யராஜின் ‘முந்தானை முடிச்சு’. ஆசை பொம்பளைக்கு, மறுப்பு ஆம்பளைக்கு என்கிற தலைகீழ் வேடிக்கை அப்படியே இதிலும் இருக்கிறது. ஊர்வசி நடித்த பரிமளம், சின்னப் பையன்களைச் சேர்த்துக்கொண்டு ஊரைக் கலக்குகிற வாயாடி. பெண்டாட்டியை இழந்து கைக்குழந்தையோடு வருகிற வாத்தியார் மேல் ஆசைப்படுகிறாள். அவர் மசியவில்லை. பஞ்சாயத்தில் அவர் மேல் பழி போட்டு, அந்தக் குழந்தையையே தாண்டிப் பொய்ச் சத்தியம் செய்து கல்யாணம் முடிக்கிறாள். கல்யாணமான பிறகும் வாத்தியார் தொடமாட்டேன் என்கிறார். அப்புறம் வருகிறது முருங்கைக்காய். தமிழ்நாடு முழுக்க அந்தக் காயை இன்றைக்கு வரைக்கும் சிரிக்காமல் வாங்க முடியவில்லை. ‘மொனெல்லா’வுக்குப் பதினைந்து வருஷம் முன்னாடியே நம்மவன் எடுத்தது. தமிழனுக்குக் காமத்தைப் பார்த்துச் சிரிக்கத் தெரியாது என்று யார் சொன்னது?

சரி, சிரித்தோம். பரிமளம் என்ன விலை கொடுத்தாள்? லோலா தன் ஆசைக்காக யார் காலிலும் விழவில்லை. பரிமளமோ படத்தின் பின்பாதி முழுக்க, தான் நல்ல தாய் என்று நிரூபிக்க வேண்டியிருக்கிறது. கடைசியில், இனிமேல் எனக்கென்று குழந்தையே வேண்டாம், இந்தக் குழந்தைக்கு மட்டும் தாயாக இருக்கிறேன் என்று கருத்தடை ஆபரேஷனுக்குப் போய்ப் படுக்கிற அளவுக்கு வந்துவிடுகிறாள். அதற்கப்புறம்தான் வாத்தியார் மனசு இரங்குகிறது. ஆசைப்பட்ட பொம்பளை தன் கருப்பையை அறுத்துப் போடத் துணிந்தால்தான் அந்த ஆசைக்கு மன்னிப்பு. சிரிக்க வைத்தே முந்தானையில் முடிச்சுப் போட்டுவிட்டார்கள். கலகம் மாதிரித் தொடங்கிக் கற்பில் கொண்டுபோய் முடிப்பது கோடம்பாக்கத்தின் கைவந்த வேலை.

இதுவாவது ஒரே ஊருக்குள், ஊர்க்காரர்களுக்குள் நடக்கிற கதை. அந்த ஊரில் சேரி இருக்கிறதா என்று நாம் தேட வேண்டியதில்லை. சேரி கண்ணில் பட்டால் சிரிப்பு வராது என்று கோடம்பாக்கத்துக்குத் தெரியும். சேரியும் ஊழியக்காரச் சாதிகளும் அந்தக் கேமராவுக்குள் வரும்போது என்ன ஆகிறது என்பதுதான் நமக்கு முக்கியம்.

3

1992. ‘சின்னக் கவுண்டர்’. தலைப்பிலேயே சாதி. ஊருக்குத் தீர்ப்புச் சொல்கிற கவுண்டராக விஜயகாந்த். சுகன்யாவின் தொப்புளில் பம்பரம் விடுகிறார். முப்பது வருஷம் தாண்டியும் தமிழ் சினிமாவின் காமக் குறும்பு என்றால் அந்தப் பம்பரத்தைத்தான் சொல்கிறார்கள். அதே ஊரில் துணி வெளுக்கிறவர்களாக கவுண்டமணியும் செந்திலும் வருகிறார்கள். கவுண்டர் பம்பரம் விட்டால் அது காதல், அதற்குப் பாட்டு உண்டு. வெளுக்கிறவன் வாயைத் திறந்தால் அது காமெடி, அதற்கு உதை உண்டு. கவுண்டரின் ஆசை கதையை நகர்த்துகிறது. வெளுக்கிறவன் ஆசை கதைக்கு இடைவேளை. அவன் சரசமாடினால் தியேட்டர் கைகொட்டிச் சிரிக்கும். “இவனுக்கெல்லாம் இது ஒரு கேடா” என்கிறதுதான் அந்தச் சிரிப்புக்குள் இருக்கிற வாக்கியம். சவரம் செய்கிறவன், வெளுக்கிறவன், வெட்டியான், பண்ணையாள் என்று கோடம்பாக்கத்துக் கிராமத்தின் காமெடி டிராக் முழுக்க ஊழியக்காரச் சாதிகளின் வரிசை. இத்தாலியில் தோட்டக்காரன் சிரிக்கிறான். இங்கே தோட்டக்காரனைப் பார்த்துச் சிரிக்கிறார்கள்.

பண்ணையாள் கதாநாயகனாகவே வந்த படமும் உண்டே என்று யாராவது கேட்கலாம். உண்டு. 1991இல் பி. வாசுவின் ‘சின்ன தம்பி’. வருஷக்கணக்கில் ஓடின மாதிரி பேசப்பட்ட படம். ஊர்ப் பெரியவர்களான மூன்று அண்ணன்மார்களின் ஒரே தங்கை குஷ்பு. அவர் வெளியே வந்தால் ஆண்கள் கண்ணில் படக்கூடாது. அப்படிப்பட்ட வீட்டில் வேலைக்கு வருகிற பிரபு அந்தத் தங்கைக்குத் தாலி கட்டுகிறான். எப்படி? தாலி என்றால் என்னவென்றே தெரியாமல்! இதுதான் அந்தப் படத்தின் கிளுகிளுப்பு, இதுதான் அதன் நகைச்சுவை. வளர்ந்த ஆம்பளைக்குத் தாலி தெரியாது, காமம் தெரியாது, குழந்தை மனசு. தோழர்களே, இதை வெறும் அசட்டுக் கற்பனை என்று விட்டுவிடாதீர்கள். வேலைக்காரன் எசமான் வீட்டுப் பெண்ணைத் தொட வேண்டுமானால் முதலில் அவன் ஆசையைப் பிடுங்கிவிட வேண்டும். அவள் ஆசைப்படலாம், அவன் ஆசைப்படக்கூடாது. ஆசையில்லாத உடம்புக்கு மட்டும் அனுமதிச் சீட்டு. அந்தச் சீட்டு கிழிந்தால் என்ன ஆகும் என்று நிஜ வாழ்க்கை காட்டியது. அதற்குப் பிறகு வருகிறேன்.

பொம்பளை உடம்பை என்ன செய்தார்கள்? 1982இல் ‘சகலகலா வல்லவன்’. பண்ணையார் மகன் கதாநாயகனின் தங்கையைக் கெடுத்துவிடுகிறான். கதாநாயகன் வேஷம் போட்டு, டான்ஸ் ஆடி, பண்ணையார் மகளைக் கல்யாணம் கட்டி, கெடுத்தவனையே தங்கைக்குப் புருஷனாக்குகிறான். வல்லுறவு தொடங்கி வைக்க, ஆள்மாறாட்டக் காமெடி முடித்து வைக்கிறது. 1994இல் ‘நாட்டாமை’. பெரிய நாட்டாமையின் தீர்ப்பு என்ன? கெடுத்தவன் அவளையே கட்டிக்கொள்ள வேண்டும். கைதட்டல். சாதிப் பஞ்சாயத்து காலம் காலமாகச் சொல்லி வந்த தீர்ப்பை சினிமாஸ்கோப்பில், டி.டி.எஸ். வருவதற்கு முன்னாலேயே, காது கிழியக் கேட்டோம்.

4

இப்போது என் வீட்டுக் கதை.

என் அத்தை துணை நடிகை. கோடம்பாக்கத்துக் குடிசையில் இருந்தாள். ஏஜென்ட் வந்து ஆள் எடுப்பான். வெளுப்பாக, கொழுகொழுவென்று இருந்தால் ‘ரிச் கேர்ள்’, கல்யாண சீனில் முன்வரிசை, பேட்டாவும் கூட. அத்தை கறுப்பு. அதனால் எப்போதும் கிராமத்துக் கும்பல், சந்தைக் கும்பல், எழவு வீட்டுக் கும்பல். ஒரு தடவை கோபிசெட்டிபாளையம் பக்கம் வெளிப்புறப் படப்பிடிப்பு. நடவு நடுகிற பாட்டு. கதாநாயகி முன்னால் ஆடுவாள், பின்னால் வயலில் இருபது பெண்கள் குனிந்து நட வேண்டும். காஸ்ட்யூமர் வந்து கண்டாங்கியைக் கொடுத்துவிட்டுச் சொன்னானாம்: “ரவிக்கையக் கழட்டிடுங்கம்மா. அப்பத்தான் கிராமம் மாதிரி இருக்கும்.”

முன்வரிசைக்கு இல்லை. கறுப்பாக இருந்த ஏழெட்டுப் பேருக்கு மட்டும்.

அத்தை திரும்பி வந்து எங்கள் பாட்டியிடம் சொன்னது எனக்கு இன்னும் காதில் இருக்கிறது. “நீ ரவிக்க போட்டதுக்கு ஊர்ல அடிச்சாங்கன்னு பட்டணத்துக்கு ஓடியாந்த. இங்க ரவிக்கயக் கழட்டுனாத்தான் கூலிங்கிறான்.”

பாட்டி ஒன்றும் பேசவில்லை. வெற்றிலையைத் துப்பிவிட்டு உள்ளே போய்விட்டாள்.

தோழர்களே, அந்தக் கழட்டச் சொன்ன ரவிக்கைக்குள் ஒரு வரலாறு இருக்கிறது. 1930 டிசம்பரில் ராமநாதபுரம் பகுதியில் கள்ளர் சாதியினர் ஆதிதிராவிடர் மேல் எட்டுத் தடைகள் விதித்தார்கள். ஹட்டன் தன்னுடைய சாதி பற்றிய நூலில் அவற்றைப் பட்டியல் போட்டிருக்கிறார். பொன் வெள்ளி நகை போடக்கூடாது. ஆண்கள் முழங்காலுக்குக் கீழே துணி கட்டக்கூடாது. சட்டை, பனியன் கூடாது. முடி கிராப் வெட்டக்கூடாது. மண் பாத்திரம் தவிர வேறு புழங்கக்கூடாது. பெண்கள் ரவிக்கையோ தாவணியோ போட்டு மேல் உடம்பை மூடக்கூடாது. பூ வைக்கக்கூடாது, மஞ்சள் பூசக்கூடாது. குடை பிடிக்கக்கூடாது, செருப்புப் போடக்கூடாது. மீறின இடத்தில் குடிசைகள் எரிந்தன, தானியமும் சொத்தும் அழிந்தன, ஆடுமாடுகள் கொள்ளை போயின. அதற்கும் முன்னால் தென் திருவிதாங்கூரில் தோள்சீலைக்காக நாடார் பெண்கள் பல பத்தாண்டுகள் போராடினார்கள். 1859இல் மகாராசா உத்தரவு போட்டபோதுகூட, மேலே மூடிக்கொள்ளலாம், ஆனால் மேல்சாதிப் பெண்களைப் போல மூடக்கூடாது என்றுதான் போட்டார்.

ஆக, ரவிக்கையில்லாத தோள் கிராமத்தின் இயற்கை அழகு என்று எவன் சொன்னது? அது தடை. தீ வைத்து, மாட்டை ஓட்டிக்கொண்டு போய் நிறைவேற்றின தடை. அந்தத் தடையைக் காஸ்ட்யூம் ஆக்கி, பின்னணியில் புல்லாங்குழல் ஊதி, ‘மண் வாசனை’ என்று பெயர் வைத்து விற்றது கோடம்பாக்கம். நம் பாட்டிகளுக்குக் கிடைத்த அடி அவர்களுக்கு அழகியல். மொட்டைமாடித் தோழர், ‘கிராமத்துக் காமத்தின் வெள்ளந்தித்தனம்’ என்று பேசினார். எங்கள் பாட்டி வெள்ளந்தியாக ஒன்றும் திறந்து போட்டுக்கொண்டு நிற்கவில்லை. திறந்து போடச் சொல்லி ஒருத்தன் கம்போடு நின்றான்.

பூவைப் பற்றியும் சொல்ல வேண்டும். 1930ஐ ஒட்டின வருஷங்களில் திருவனந்தபுரத்தில் திரையிடப்பட்டது ‘விகதகுமாரன்’, மலையாளத்தின் முதல் படம். எடுத்தவர் ஜே.சி. டேனியல். கதாநாயகி பி.கே. ரோசி, புலையர் சமூகத்தில் பிறந்து கூலி வேலை செய்தவர். படத்தில் அவர் நாயர் பெண்ணாக நடித்தார். கதாநாயகன் அவர் தலையில் இருந்த பூவை முத்தமிடுகிற மாதிரி ஒரு காட்சி. உடம்பைக்கூட இல்லை, பூவை. கொட்டகையில் கல் பறந்தது. ரோசி ஊரைவிட்டே ஓட வேண்டியதாயிற்று. லாரி ஏறித் தமிழ்நாட்டுப் பக்கம் வந்து, பெயரையும் அடையாளத்தையும் மறைத்துக்கொண்டு வாழ்ந்து முடித்தார். ராமநாதபுரத்தில் பூ வைக்காதே என்ற அதே காலம். தென்னிந்திய சினிமாவில் ஒரு தலித் பெண் காதலிக்கப்படுகிறவளாகத் திரையில் தோன்றினாள், அடுத்த நொடி கல் வந்தது. அதற்கப்புறம் நம் பெண்களின் உடம்பு திரையின் பின்வரிசையில், வயலில் குனிந்த முதுகாகத்தான் நின்றது. முன்வரிசைக் கவர்ச்சிக்கென்று வேறு ஏழைப் பெண்களைக் கொண்டுவந்து தின்றார்கள். 1980இல் ‘வண்டிச்சக்கரம்’ படத்தில் சாராயக்கடைப் பெண்ணாக வந்த விஜயலட்சுமியை சில்க் ஸ்மிதா ஆக்கினார்கள். 1996 செப்டம்பர் 23 அன்று அவர் செத்துக் கிடந்தபோது, அவரைக் காட்டிக் கல்லாக் கட்டின கோடம்பாக்கம் திரும்பிப் பார்க்கவில்லை.

5

இதுவரைக்கும் மற்றவர்களைத் திட்டினேன். இனி நம்மவர்களை.

2005 செப்டம்பரில் குஷ்பு ஒரு பத்திரிகையில் பேசினார். படித்த எந்த ஆணும் கட்டப்போகிறவள் கன்னியாக இருக்க வேண்டும் என்று எதிர்பார்க்கக் கூடாது, உறவு வைத்தால் பாதுகாப்பாக இருக்க வேண்டும் என்கிற பொருளில் பேச்சு. லோலா சைக்கிளில் வந்து கேட்டதைத்தான் இவர் பேட்டியில் சொன்னார். ‘சின்ன தம்பி’யில் தாலி தெரியாதவன் கையால் தாலி வாங்கிக்கொண்டபோது திருச்சிப் பக்கம் அவருக்குக் கோயில் கட்டினார்கள். வாய் திறந்து பேசினதும் துடைப்பத்தையும் செருப்பையும் தூக்கிக்கொண்டு தெருவில் இறங்கினார்கள். தமிழ்ப் பண்பாட்டுக்குக் களங்கமாம். ஊருக்கு ஊர் வழக்கு. 2010 ஏப்ரல் 28 அன்று உச்ச நீதிமன்றம் அந்த வழக்குகளை எல்லாம் தள்ளுபடி செய்தது.

அந்தத் துடைப்பங்களைப் பிடித்திருந்த கைகளில் நம் கைகளும் இருந்தன. பாட்டாளி மக்கள் கட்சியோடு தமிழ்ப் பாதுகாப்பு என்று தோளோடு தோள் நின்று விடுதலைச் சிறுத்தைகளும் போராடினார்கள். நான் அப்போதும் கேட்டேன், இப்போதும் கேட்கிறேன்: கற்பு யாருடைய சரக்கு? ரவிக்கை போடவிடாமல் அடித்தவனுடைய பண்பாட்டுக்கு நாம் ஏன் காவல் நின்றோம்? ஒரு பொம்பளையின் உடம்பை ஊர் கூடித் தீர்ப்புச் சொல்லலாம் என்று நாம் ஒத்துக்கொண்ட அன்றைக்கே ‘நாட்டாமை’ நம் நெஞ்சுக்குள் வந்து சொம்போடு உட்கார்ந்துவிட்டான்.

ஏழே வருஷம். 2012இல் அதே பண்பாட்டுக் காவலர்கள் நம் பக்கம் திரும்பினார்கள். தலித் பையன்கள் ஜீன்ஸ் பேண்ட்டும் டீ சர்ட்டும் கூலிங் கிளாஸும் போட்டுக்கொண்டு எங்கள் பெண்களை மயக்குகிறார்கள், இது காதல் இல்லை, ‘நாடகக் காதல்’ என்று ஊர் ஊராகச் சொன்னார்கள். கவனியுங்கள், மறுபடியும் துணி! 1930இல் சட்டை போடாதே, 2012இல் ஜீன்ஸ் போடாதே. எண்பத்திரண்டு வருஷத்தில் தடையின் வாசகம் மட்டும் மாறியது. 2012 நவம்பர் 7 அன்று தருமபுரி மாவட்டம் நத்தம் காலனியிலும் பக்கத்துக் காலனிகளிலும் 250க்கும் மேற்பட்ட வீடுகள் எரிந்தன. சாதி தாண்டிக் கல்யாணம் செய்த இளவரசன் 2013 ஜூலை 4 அன்று தண்டவாளத்தோரம் பிணமாகக் கிடந்தான். 2016 மார்ச் 13 அன்று உடுமலைப்பேட்டையில் பட்டப்பகலில், பஸ் நிலையத்துக்கு எதிரே சங்கரை வெட்டிச் சாய்த்தார்கள். இவர்கள் யாரும் தாலி என்றால் என்னவென்று தெரியாத சின்ன தம்பிகள் இல்லை. தெரிந்து ஆசைப்பட்டவர்கள். அவர்களையும் ஆசைப்பட்டுத்தான் கட்டிக்கொண்டார்கள். முன்னே சொன்ன அனுமதிச் சீட்டு கிழிந்தால் இதுதான் ஆகும்.

நாடகம் என்றார்களே, ஐம்பது வருஷமாகக் காதலை நாடகமாக நடத்தி விற்றது கோடம்பாக்கம். அதை யாரும் நாடகக் காதல் என்று சொல்லவில்லை. சேரிப் பையன் நிஜமாகக் காதலித்தபோதுதான் அந்தப் பெயர் வந்தது.

6

அதனால் என்ன செய்வது? காமச் சிரிப்பே வேண்டாம், ஒழுக்கமாக, இறுக்கமாக, கண்ணீரும் ரத்தமுமாக மட்டும் தலித் சினிமா எடுப்போம் என்பதா? கிடையாது. அதுதான் அவர்கள் விரும்புவது. நாம் எப்போதும் அழுதுகொண்டே இருக்க வேண்டும், அல்லது வெட்டுப்பட்டுக் கிடக்க வேண்டும். நாம் சரசமாடிச் சிரித்தால் அவர்களுக்குப் பொறுக்காது.

சிரிக்க நாம் இத்தாலிக்குப் போக வேண்டியதில்லை. நடவு வயலில் நம் பெண்கள் விட்ட நையாண்டியைக் கேட்டு வரப்பில் நின்ற பண்ணையாள்காரன் குடையை மடக்கிக்கொண்டு ஓடினது எங்கள் பாட்டி சொன்ன கதை. தெருக்கூத்தில் ராசாவின் அந்தரங்கத்தை ராசா முன்னாலேயே கிழிக்கிறவன் கட்டியங்காரன். இதெல்லாம் கீழேயிருந்து மேலே பாய்கிற சிரிப்பு. இந்தச் சிரிப்பைக் கோடம்பாக்கம் எடுத்துக்கொண்டு போய்த் திசையைத் திருப்பிவிட்டது. அதே சமயம் நம் கிராமியக் கலை எல்லாம் கலகம் என்றும் நான் சொல்லமாட்டேன். குறவன் குறத்தி ஆட்டம் என்று ஒரு சாதியின் பெயரை வைத்து, அந்தச் சாதிப் பெண் என்றால் இப்படித்தான் என்று ஊர்த் திருவிழாவில் இடுப்பை ஆட்ட வைத்தார்கள். குறவர் சமூகத்தார் எதிர்த்துப் போராடி, 2023இல் அரசு அதைத் தடை செய்தது. கூச்சநாச்சத்துக்காக அவர்கள் எதிர்க்கவில்லை. எங்கள் பெயரில் உங்கள் காமத்தை ஆடாதே என்றார்கள். நாம் கேட்பதும் அதுதான்.

நம் பெயரில் நம் காமத்தை நாமே ஆடினால் எப்படி இருக்கும்? 2012 ஆகஸ்டில் ரஞ்சித்தின் ‘அட்டகத்தி’ வந்தது. சென்னைக்கு வெளியே ஒரு சேரி, ஃபுட்போர்டில் தொங்கி, கானா பாடி, பார்க்கிற பெண் பின்னாலெல்லாம் போய் அசடு வழிகிற தினகரன் என்று ஒரு பையன். மயக்குகிறவனும் இல்லை, தியாகியும் இல்லை. சும்மா ஒரு காதல் கிறுக்கன். அந்தப் படம் வந்து மூன்றே மாசத்தில் நத்தம் எரிந்தது. ‘நாடகக் காதல்’ என்கிற அந்தப் பெரிய பொய்யை, எரிப்பதற்கு முன்னாலேயே ஒரு சிரிப்புப் படம் உடைத்து வைத்திருந்தது என்று இப்போது பார்த்தால் தெரிகிறது. 2022இல் அவரே எடுத்த ‘நட்சத்திரம் நகர்கிறது’ படத்தில் ரெனே என்ற தலித் பெண் வருகிறாள். யாரிடமும் அனுமதி கேட்காமல் ஆசைப்படுகிறாள், கோபப்படுகிறாள், வாய்விட்டுச் சிரிக்கிறாள். ரோசியின் பூவுக்கு விழுந்த கல்லுக்கு ஒரு பதில் அங்கே இருக்கிறது. சென்னையில் இன்றைக்கு ரோசியின் பெயரில் திரைப்பட விழா நடக்கிறது என்பதும் சின்னக் காரியமில்லை.

ஆனாலும் போதாது. தினகரனின் குறும்பு பையனின் குறும்பு. என் அத்தையின் குறும்பு இன்னும் படமாகவில்லை. வயலில் குனிந்து நட்டுக்கொண்டே மேஸ்திரியின் கோவணத்தைப் பற்றி அவள் விடுகிற நையாண்டி, அவளுக்குப் பிடித்தவனை அவளே கூப்பிட்டுக்கொண்டு இரண்டாம் ஆட்டம் போன கதை, இதெல்லாம் நம்மிடம் கிடக்கிறது. கேமரா கையில் வைத்திருக்கிற தம்பிகளே, தங்கச்சிகளே, இத்தாலிப் படத்தைப் பாருங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. அந்தச் சைக்கிளை மட்டும் இரவல் வாங்கி வந்து நம் ஊர் அக்ரகாரத்திலோ கவுண்டர் தெருவிலோ ஓட்டிவிட்டு விடுதலை என்று சொல்லாதீர்கள். அந்தச் சைக்கிளில் சேரிப் பெண் ஏறி, ஊர்த்தெரு வழியாகப் போனால் என்ன நடக்கும் என்று யோசியுங்கள். செருப்புப் போட்டு, குடை பிடித்து நடந்ததற்கே அடிவாங்கின தெரு அது. அங்கே அவள் பாவாடை பறக்கச் சிரித்துக்கொண்டு போகிற ஒரு காட்சி எத்தனை பேர் தூக்கத்தைக் கெடுக்கும் என்று நினைத்துப் பாருங்கள். அந்தக் காட்சியை எடுங்கள்.

அத்தை போய்ச் சேர்ந்து ஆறு வருஷம் ஆகிறது. அவள் நடித்த அந்த நடவுப் பாட்டு இன்றைக்கும் டிவியில் காலையில் எப்போதாவது போடுகிறான். வீட்டில் எல்லோரும் ஓடி வந்து பார்ப்போம். முகம் தெரியாது. முதுகு மட்டும்தான் தெரியும். அந்த முதுகை எங்களுக்கு அடையாளம் தெரியும்.